இறக்கை மனிதனும் எலும்புக் கணக்கும்

"இறக்கை உள்ள மனுஷங்க நிஜமாவே வாழ்ந்திருக்காங்களாம். எலும்புக்கூடு கிடைச்சாச்சாம். விஞ்ஞானிங்கதான் மூடி மறைக்கிறாங்களாம்!"

தோளில் இறக்கை முளைத்த எலும்புக்கூட்டின் படத்தோடு இப்படி ஒரு செய்தி முன்பு மின்னஞ்சலில் சுற்றியது. இப்போது வாட்ஸ்அப்பில் சுற்றுகிறது. "புராணமெல்லாம் பொய்யில்லை" என்று கீழே ஒரு வரி வேறு. பட்டம் வாங்கியவர்களும் யோசிக்காமல் அனுப்புகிறார்கள். கேட்டால், "அதனால யாருக்கு என்ன நஷ்டம்?" என்கிறார்கள். நஷ்டம் அறிவியலுக்கு மட்டும் இல்லை, புராணத்துக்கும்தான்.

முதலில் எலும்புக் கணக்கு. முதுகெலும்புள்ள பிராணிகளில் சிறகடித்துப் பறந்தவை மூன்றே கூட்டம்: டெரோசார், பறவை, வௌவால். மூன்றிலும் கைதான் இறக்கையாக மாறியது. தனியாக எதுவும் முளைக்கவில்லை. டெரோசாரின் இறக்கைச் சவ்வை நீண்டுபோன ஒரே ஒரு விரல் தாங்கியது. வௌவாலுக்கு நான்கு விரல்கள். பறவைக்கு விரல்கள் சுருங்கி ஒட்டிக்கொள்ள, இறகுகள் அந்த வேலையைப் பார்க்கின்றன. கோயில் சிற்பத்துக் கருடாழ்வாருக்கோ கூப்பிய கை இரண்டு, கால் இரண்டு, இறக்கை இரண்டு. ஆக மொத்தம் ஆறு! ஐரோப்பிய ஓவியத்துத் தேவதூதருக்கும் அதே ஆறுதான். சிற்பியும் ஓவியரும் அப்படிச் செய்தது தப்பே இல்லை. அதைப் புகைப்படம் என்று நினைப்பதுதான் தப்பு.

"மேற்குத் தொடர்ச்சி மலையில பறக்கும் பல்லி இருக்கே, அதுக்கு நாலு காலும் இருக்கு, இறக்கையும் இருக்கே?" நல்ல கேள்வி. அது விலா எலும்புகளை விரித்து மரத்துக்கு மரம் சறுக்குகிறது, அவ்வளவுதான். சிறகடிக்க அதனால் முடியாது.

அடுத்தது எடை. அதே வடிவத்தில் உருவம் இரண்டு மடங்கானால் இறக்கையின் பரப்பு நாலு மடங்காகும். எடையோ எட்டு மடங்காகும். வரவை விடச் செலவு வேகமாக ஏறும் வியாபாரம் மாதிரி. இன்று பறக்கும் பறவைகளில் மிகக் கனமானவையே 20 கிலோவை ஒட்டி நின்றுவிடுகின்றன. சுமார் 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் அர்ஜென்டினாவில் வாழ்ந்த அர்ஜென்டாவிஸ் என்ற பறவை 70 கிலோ வரை இருந்திருக்கலாம் என்று மதிப்பிடுகிறார்கள். ஒரு ஆள் எடைதான். ஆனால் அதற்கு 6 மீட்டர் இறக்கை விரிப்பு தேவைப்பட்டது, உடம்பும் முழுக்கப் பறவை உடம்பு.

இப்போது புராணத்துக்கு வருவோம். ராமாயணத்தில் சூரியனை நோக்கிப் பறந்த ஜடாயுவைக் காப்பாற்ற அண்ணன் சம்பாதி தன் சிறகை விரித்து மறைக்கிறார். சிறகு கருகிப் போகிறது. கிரேக்கக் கதையில் அப்பா சொல்லைக் கேட்காமல் மேலே போன இகாரஸின் மெழுகு இறக்கை உருகிவிடுகிறது. நிஜத்தில் கிலோமீட்டருக்குச் சுமார் 6 டிகிரி வீதம் மேலே போகப்போகக் குளிரும். மெழுகு உருகாது, இன்னும் இறுகும். அறிவியல் பரீட்சை வைத்தால் இரண்டு கதையும் முதல் கேள்வியிலேயே ஃபெயில். தம்பிக்காகச் சிறகைக் கொடுத்த அண்ணன், மகனைப் பறிகொடுத்த அப்பா என்று படித்தால் இரண்டுமே இன்றைக்கும் உலுக்கும். அதற்கு எலும்புக்கூடு எதற்கு?

இகாரஸின் அப்பா பெயர் டீடலஸ். 1988-ல் அமெரிக்காவின் எம்.ஐ.டி. குழு அந்தப் பெயரில் ஒரு விமானம் செய்தது. எடை 31 கிலோ, இறக்கை விரிப்பு 34 மீட்டர். எஞ்சின் கிடையாது. மனிதக் கைக்குப் பறக்கும் பலம் போதாது என்று தெரிந்துதான் காலை நம்பினார்கள். கிரேக்க சைக்கிள் வீரர் கனெல்லோஸ் கனெல்லோபுலோஸ் கிரீட் தீவிலிருந்து சாண்டோரினி வரை சுமார் 115 கி.மீ., ஏறக்குறைய நான்கு மணி நேரம் பெடல் மிதித்தே பறந்தார். கரைக்குச் சில மீட்டர் முன்னால் கடலில் இறங்கியது. கனவைப் புராணத்திலிருந்து எடுத்தார்கள், கணக்கை இயற்பியலிலிருந்து எடுத்தார்கள். "எங்க தாத்தா ஏற்கெனவே பறந்துட்டார்" என்று உட்கார்ந்திருந்தால் அந்தப் பெடல் சுற்றியிருக்காது.

அடுத்த முறை அந்தப் படம் வந்தால் அனுப்பியவரிடம் ஒன்றே ஒன்று கேளுங்கள்: "கை மாட்டியிருக்கிற இடம் தெரியுது, இறக்கையை எந்த எலும்புல மாட்டியிருக்காங்க?"