பாலம் தாண்டாத தீர்ப்பு

வழக்கில் வென்றாலே பணம் கைக்கு வந்துவிடும் என்று பலரும் நினைக்கிறோம். தீர்ப்பு வேறு, வசூல் வேறு.

சிங்கப்பூரில் ஒருவர் 25,000 சிங்கப்பூர் வெள்ளி கடனுக்காக வழக்குத் தொடுத்து வெல்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கடனாளியின் வீடும் வங்கிக் கணக்கும் ஜோகூரில் இருக்கின்றன. 60,000 வெள்ளி வரையிலான வழக்குகளை அங்கே மாஜிஸ்திரேட் நீதிமன்றமே விசாரிக்கும். வெளிநாட்டுத் தீர்ப்புகளை இங்கே அமலாக்க மலேசியாவில் 1958ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று உண்டு. ஆனால், அதன் பட்டியலில் சிங்கப்பூரின் உயர் நீதிமன்றம் மட்டுமே இருக்கிறது. அதன் தீர்ப்பை ஆறு ஆண்டுகளுக்குள் நம் உயர் நீதிமன்றத்தில் பதிவு செய்தால், இங்கேயே வழங்கப்பட்ட தீர்ப்பைப் போல ஜப்தி வரை போகலாம். நம்மவர் கையில் இருப்பதோ கீழ் நீதிமன்றத் தீர்ப்பு. அதைக் காட்டி இங்கே மறுபடியும் ஒரு வழக்குப் போட வேண்டும்!

இதில் அடிபடுவது சிறு தொகைக்காரர்தான். தினமும் ஆயிரக்கணக்கானோர் ஜோகூர் பாலத்தைக் கடந்து வேலைக்குப் போகும் காலத்தில் இது எனக்கு நியாயமாகப் படவில்லை. சிங்கப்பூர் 2019இல் தன் சட்டத்தைத் திருத்தி, வெளிநாட்டுக் கீழ் நீதிமன்றத் தீர்ப்புகளையும் ஏற்க வழிவிட்டது. நாமும் பட்டியலை விரிக்கலாமே?

அதுவரை, கடனாளியின் சொத்து எங்கே என்பதை முதலில் பாருங்கள். ஜோகூர் என்றால், அங்கேயே வழக்குத் தொடுக்க முடியுமா என்று வழக்கறிஞரிடம் கேளுங்கள். 1,00,000 ரிங்கிட் வரை மலேசிய மாஜிஸ்திரேட் நீதிமன்றமே விசாரிக்கும்.