படச்சுருளில் எஞ்சிய சர்க்கஸ்

எஸ்.எஸ். வாசன் இயக்கி, 1948இல் வெளிவந்த ‘சந்திரலேகா’ திரைப்படம் என்றதும் முரசு நடனமே பலர் நினைவுக்கு வரும். அதன் புகழொளியில் அப்படத்தின் சர்க்கஸ் காட்சிகள் சற்று மங்கிப்போயின. ஆயினும், இன்று நமக்கு அரிய செல்வம் அக்காட்சிகளே என்பேன். முரசு நடனம் படத்திற்கென்றே உருவாக்கப்பட்டது. சர்க்கஸ் காட்சிகளுக்கோ கமலா சர்க்கஸ், பரசுராம் லயன் சர்க்கஸ் ஆகிய குழுக்கள் அழைக்கப்பட்டன. கதை கற்பனைதான், ஆனால், ஊஞ்சலைக் கைவிட்டு அந்தரத்தில் தாவியவர் உண்மையாகவே தாவினார்.

நாடகத்திற்கு ஏடு உண்டு. இசைக்கு இசைத்தட்டு உண்டு. உடலையே கருவியாகக் கொண்ட சர்க்கஸுக்கு அத்தகைய பதிவுகள் மிகக் குறைவு. கூடாரம் பிரிக்கப்பட்ட மறுநாள், திடலில் முளையடித்த குழிகளே எஞ்சும். கேரளத்தின் தலச்சேரியில் கீலேரி குஞ்ஞிக்கண்ணன் 1901இல் பயிற்சிப்பள்ளி தொடங்கி வளர்த்த மரபு எத்தகையது என்பதைச் சொற்களால் முழுமையாக விளக்கிவிட இயலாது, கண்டே உணரவேண்டும். அதற்குப் பழைய படச்சுருள்களே வழி. அச்சுருள்களும் நிலையானவை அல்ல. 1950களின் தொடக்கம்வரை பெரிதும் பயன்பட்ட நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பற்றும். பின்வந்த அசிட்டேட் சுருளோ வெப்பத்திலும் ஈரத்திலும் புளிநெடி வீசிச் சுருங்கும்.

சிங்கத்தையும் புலியையும் சாட்டைக்குப் பணியவைத்த காட்சிகளைப் பாதுகாப்பது கொடுமையைப் போற்றுவதாகாதா எனச் சிலர் வினவலாம். நியாயமான வினாவே. அவ்விலங்குகளைக் காட்சிப்படுத்த 1998இல் இந்திய அரசு விதித்த தடையை நான் முழுமனத்துடன் ஏற்கிறேன். எனினும், எதைத் தடுத்தோம் என்பதற்கும் சான்று வேண்டுமன்றோ? கைதட்டிய கூட்டத்தின் மகிழ்ச்சியும் கூண்டுக்குள் இருந்த விலங்கின் அச்சமும் ஒரே சட்டகத்தில் பதிந்துள்ளன. ஒன்றை வெட்டி மற்றொன்றை மட்டும் வைத்துக்கொள்ள முடியாது.

எனக்குள்ள பெருங்கவலை வேறு. சுருளைத் தூய்மைசெய்து எண்மமாக்கிவிட்டால் பணி முடிந்ததெனக் கருதுகிறோம். கதாநாயகி டி.ஆர். ராஜகுமாரியின் பெயரை அறிவோம். அவரைச் சூழ்ந்து உயிரைப் பணயம் வைத்து ஆடியோருள் ஒருவர் பெயரையேனும் நாம் அறிவோமா? பெயரில்லாத பதிவு பாதிப் பதிவே. அக்கலைஞர்களின் வழித்தோன்றல்களையும் அவர்களிடம் பயின்றோரையும் தேடிச் சென்று, அக்காட்சிகளைத் திரையிட்டு, ஒவ்வொரு முகத்திலும் படத்தை நிறுத்தி, ‘இவர் யார்?’ எனக் கேட்டு எழுதவேண்டும். விடையளிக்கக்கூடியோர் ஆண்டுதோறும் குறைந்துவருகின்றனர்.