ஒரு நாள் வராமைக்கு இத்தனை தண்டனையா?

இந்தியாவில், காசோலை திரும்பிய வழக்கில் எதிரி மன்றுக்கு வராவிட்டால் பிடியாணை பிறக்கும், வழக்கு உயிரோடிருக்கும். முறைப்பாட்டாளர் வராவிட்டாலோ எதிரி விடுதலையாகிவிடலாம். அப்படித் தள்ளுபடியான முறைப்பாட்டை மீட்க நீதவானுக்கு அதிகாரமில்லை என 1986 இல் உச்ச நீதிமன்றம் தீர்த்தது. மேன்முறையீடே வழி. 2024 யூலையில் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம், விடுவிக்குமுன் 30 நாள் அவகாசம் தருகிறது. 2025 இல் உச்ச நீதிமன்றம் செஷன்ஸ் நீதிமன்றில் மேன்முறையிடவும் வழி திறந்தது. நல்லதே, ஆனாற் போதாது. சிவில் வழக்கில் தக்க காரணம் காட்டினால் அதே நீதிமன்றமே வழக்கை மீட்கிறது. காய்ச்சலிற் கிடந்த முறைப்பாட்டாளருக்கு மட்டும் ஏன் அந்த நீதி இல்லை? பணத்தைப் பறிகொடுத்தவரை மேன்மன்றுக்கு அலைக்கழிப்பது, ஏமாற்றியவருக்குச் சட்டமே கைகொடுப்பதாகும் என்பேன்.