புத்தாண்டு அன்றைக்கு யாருக்கு நைட் ஷிப்ட்?

கற்பனை உலகம் படைக்கிற எழுத்தாளர்கள் முதலில் ஒரு வரைபடம் போடுவார்கள். அடுத்து ஒரு நாட்காட்டி. இரண்டு நிலா, பதிமூன்று மாதம், வாயில் நுழையாத கிழமைப் பெயர்கள்... டோல்கீன் இதில் கில்லாடி. அவருடைய ஹாபிட்கள் வாழும் ஷையரில் பன்னிரண்டு மாதத்துக்கும் முப்பது முப்பது நாள். மிச்ச நாட்கள் எந்த மாதத்திலும் சேராது. ஆண்டின் நடு நாளுக்குக் கிழமையே கிடையாது. அதனால் ஒரு தேதி எல்லா வருஷமும் ஒரே கிழமையில்தான் வரும். கணக்கு எங்கேயும் உதைக்காது. அன்றைக்கு வேலைக்குப் போகிற ஹாபிட் யார் என்பது மட்டும் அதில் தெரியாது.

புது நாட்காட்டி செய்ய மந்திரவாதி வேண்டாம், அரசாங்கமே போதும். ஊருக்கு ஊர் வேறுபட்ட பஞ்சாங்கங்களை ஆராய்ந்து நாட்டுக்கெல்லாம் பொதுவாக ஒன்றைச் செய்ய, 1952-ல் இயற்பியல் அறிஞர் மேகநாத் சாகா தலைமையில் ஒரு குழு அமைந்தது. 1957 மார்ச் 22, சக ஆண்டு 1879 சைத்ரம் 1 ஆனது. சாகா அதைப் பார்க்கவில்லை, முந்தைய வருஷமே இறந்துவிட்டார். அரசிதழில் அந்தத் தேதி இன்றும் அச்சாகிறது. வகுப்பில் யாரையாவது எழுப்பி "இன்றைக்குச் சக தேதி என்ன?" என்று கேட்டுப் பாருங்கள் :-)

இத்தனைக்கும் அது நல்ல நாட்காட்டி. மார்ச் மாதம் பகலும் இரவும் சமமாகும் நாளை ஒட்டி ஆண்டு தொடங்குகிறது, மாதங்களும் ஒழுங்காக இருக்கின்றன. ஆனால் அதை நம்பி யாருக்கும் சம்பளம் வருவதில்லை. ஏப்ரல் 1-ல் பிறக்கிற நிதியாண்டை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு யாரும் வாசலில் கோலம் போடுவதில்லை. ஆனாலும் மார்ச் 31 ராத்திரி அதை மறக்கிற கணக்காளர் உண்டா?

தமிழ் வருஷக் கதை இன்னும் சுவாரசியம். பிரபவ, விபவ என்று அறுபது பெயர்கள் சுற்றிச் சுற்றி வருகின்றன. தாத்தா விரோதி வருஷத்தில் பிறந்தார் என்றால் எந்த விரோதி? 1949-லும் அது வந்தது, 2009-லும் வந்தது. இந்தக் குழப்பத்துக்குத் தமிழறிஞர்கள் சொன்ன வழிதான் திருவள்ளுவர் ஆண்டு. ஆங்கில ஆண்டோடு 31-ஐக் கூட்டினால் முடிந்தது. தேவை உண்மை, தீர்வும் எளிது. இருந்தும் அரசு ஆவணங்களையும் அழைப்பிதழ்களையும் தாண்டி அது அதிகம் நடமாடுவதில்லை. 2008-ல் தை முதல் நாளே தமிழ்ப் புத்தாண்டு என்று சட்டம் வந்தது. 2011-ல் ஆட்சி மாறியதும் இன்னொரு சட்டம் சித்திரைக்கே திருப்பிவிட்டது. டீக்கடையில் சண்டை போட்டவர்கள் இரண்டு பக்கமும் உண்டு. தை என்றால் தமிழன், சித்திரை என்றால் ஆரியம் என்று ஒரு கட்சி. பரம்பரை வழக்கத்தைச் சட்டம் போட்டு மாற்றலாமா என்று எதிர்க்கட்சி. அன்றைக்கு யார் வீட்டில் இருப்பார், யார் இருக்கமாட்டார் என்று எந்தக் கட்சியும் கேட்டதாகத் தெரியவில்லை.

நெய்வேலிக்காரர்களுக்கு இந்தக் கேள்வி உடனே புரியும். சக நாட்காட்டி அமலாகி இரண்டே மாதத்தில், 1957 மே 20 அன்று, நேரு இங்கே சுரங்க வேலையைத் தொடங்கிவைத்தார். எந்தப் பஞ்சாங்கத்திலும் இல்லாத ஒரு நாட்காட்டி அதன் பின்னாலேயே வந்து சேர்ந்தது. அதை யாரும் சட்டசபையில் அறிவிக்கவில்லை. அறிவித்தது தண்ணீர்! பழுப்பு நிலக்கரிப் படுகைக்கு அடியில் நிலத்தடி நீர் பெரும் அழுத்தத்தோடு நிற்கிறது. ராப்பகலாகப் பம்பு வைத்து இறைத்துக்கொண்டே இருக்கவேண்டும், விட்டால் சுரங்கத் தரையைப் பிளந்துகொண்டு மேலே வந்துவிடும். தண்ணீருக்குத் தீபாவளி தெரியாது, தை ஒன்றும் தெரியாது. அனல்மின் நிலையத்துக் கொதிகலனும் அப்படித்தான். ஆகவே எட்டெட்டு மணியாக மூன்று ஷிப்ட். வார ஆஃப் எல்லோருக்கும் ஞாயிற்றுக்கிழமையே வரவேண்டும் என்பதில்லை, புதன்கிழமை வந்தால் புதன்தான் ஞாயிறு.

இதையே ஒரு நாடு முழுக்கச் சட்டமாகப் போட்டுப் பார்த்திருக்கிறது. 1929-ல் சோவியத் ரஷ்யாவில் ஆலைகள் நிற்கக்கூடாது என்று ஐந்து நாள் வாரம் கொண்டுவந்தார்கள். தொழிலாளர்களை ஐந்து பிரிவாக்கி ஆளுக்கொரு நிறம் கொடுத்து, தினம் ஒரு பிரிவுக்கு ஓய்வு. புருஷனுக்கு ஒரு நிறம், பெண்டாட்டிக்கு ஒரு நிறம் என்றால் குடும்பம் ஒன்றாக உட்கார்ந்து சாப்பிடும் நாளே இல்லை. 1931-லேயே அதைக் கைவிட்டு, எல்லோருக்கும் பொதுவான ஓய்வு நாளுடன் ஆறு நாள் வாரத்துக்கு மாறினார்கள். ஞாயிற்றுக்கிழமை திரும்பி வர 1940 ஆனது.

இங்கே அந்த அளவுக்குப் போகவில்லை. பள்ளிக்கூடம், பேங்க் எல்லாம் ஞாயிற்றுக்கிழமை மூடித்தான் இருக்கின்றன. அதனால் இடைஞ்சல் முழுக்க ஷிப்ட் போகிறவர் வீட்டுக்குள்ளேயே அடங்கிவிடுகிறது. பிள்ளைக்கு லீவு, அப்பாவுக்கு வேலை. அப்பாவுக்கு ஆஃப், பிள்ளைக்குப் பரீட்சை. நைட் ஷிப்ட் முடிந்து வந்தவர் தூங்கும்போது பகல் முழுக்கக் குழந்தைகளை "உஷ்" என்று அடக்குவது அம்மாவின் வேலை. கல்யாண முகூர்த்தம் ஜோசியர் குறித்த பிறகு, ஷிப்ட் மாற்றிக்கொள்ள ஆள் கிடைத்தால்தான் உறுதி. உலகத்துக்கே கரண்ட் கொடுக்கிற ஊர் என்று பெருமை பேசும்போது இதையும் செலவுக் கணக்கில் எழுதவேண்டாமா? எந்தப் பேலன்ஸ் ஷீட்டிலும் அது இல்லை.

தை ஒன்று காலையில் டவுன்ஷிப்பில் எந்த வட்டத்திலாவது நின்று பாருங்கள். நல்ல நேரம் எத்தனை மணிக்கு என்று தினசரி காலண்டர் தாளில் போட்டிருக்கும். சில வீட்டில் அடுப்பு மூட்டியிருப்பார்கள். பக்கத்து வீட்டில் பானையில் மஞ்சள் கட்டி, அரிசி களைந்து வைத்துவிட்டு, கேட்டையே பார்த்துக்கொண்டிருப்பார்கள். நைட் ஷிப்ட் விட்டு அவர் சைக்கிளோ பைக்கோ திருப்பத்தில் தெரிந்த பிறகுதான் அங்கே வருஷம் பிறக்கும்.