மூட்டையும் குற்றவாளியும்

பேராவூரணித் தாலுகா கல்லணைக் கால்வாயின் கடைமடைப் பிரதேசம். வயலும் தென்னந்தோப்புமாய்ச் சென்று சேதுபாவாசத்திரம், மல்லிப்பட்டினம் கடற்கரையில் முடிகிறது. ஆந்திர மலைப்பிரதேசங்களிலிருந்து வரும் கஞ்சா மூட்டைகள் இக்கரை வழியே இலங்கைக்குக் கடத்தப்படுவதும், இடையில் போலீஸாரிடம் அகப்படுவதும் நேயர்களுக்குப் புதிய செய்தியல்ல. பிடிபட்ட மறுநாள் படத்துடன் செய்தி வருகிறது. அவ்வழக்கு பல ஆண்டுகள் கழித்து அப்பீலில் என்னவாயிற்று என்று எவரும் கேட்பதில்லை. அதைக் கேட்க வேண்டிய காலம் வந்துவிட்டது என்பது நமது அபிப்பிராயம்.

கஞ்சா வியாபாரிக்கு நாம் வக்காலத்து வாங்கவில்லை. அவனால் பாழான குடும்பங்களை நாம் கண்ணாரக் கண்டிருக்கிறோம். ஆனால் மூட்டைக்குச் சொந்தக்காரன் ஒருவனாகவும், மூட்டையோடு அகப்பட்டவன் வேறொருவனாகவும் இருப்பது இத்தொழிலின் இயல்பு. கூலிக்கு ஏற்றினவனும், வண்டி ஓட்டினவனும், படகில் துடுப்புப் போட்டவனுமே சிறை செல்கின்றனர்.

1985ஆம் ஆண்டின் போதைப்பொருள் சட்டம் மற்றச் சட்டங்களைப் போன்றதன்று. சாதாரண வழக்கில் குற்றத்தை ருசுப்படுத்தும் பாரம் சர்க்காரைச் சேர்ந்தது. இச்சட்டத்தின் 35, 54ஆம் பிரிவுகளோ, பொருள் ஒருவன் வசம் இருந்ததென்று தெரிந்தால், அவன் அறிந்தே வைத்திருந்தான் என்று அநுமானிக்கச் சொல்கின்றன. அன்று என்று காட்டவேண்டியவன் அவனே. ஆகவே, ‘வசம் இருந்தது’ என்ற இரண்டு சொற்களின் மேல் ஒரு மனிதனின் பத்தாண்டு வாழ்க்கை தொங்குகிறது. அந்த அடிப்படை விஷயத்தைச் சர்க்கார் தரப்பு முதலில் ஐயமற நிரூபித்தாலன்றி அநுமானத்திற்கு இடமே இல்லை என்று நூர் ஆகா வழக்கில் 2008இல் சுப்ரீம் கோர்ட் தெளிவாகக் கூறிற்று. கசகசாத் தோடு மூட்டைகளை ஏற்றிச் சென்ற வாகனத்தில், மூட்டைகளின் மேல் உட்கார்ந்திருந்தார்கள் என்பதற்காக மட்டும் அவர்களைக் குற்றவாளிகளாகக் கொள்ள முடியாதென்று 2002இல் அவ்தார் சிங் வழக்கிலும் அதே கோர்ட் தீர்மானித்தது. நமது ஊர்க் கூலியாட்கள் எத்தனை பேர் மூட்டைமேல் உட்கார்ந்தே பிரயாணம் செய்கிறார்கள் என்பதை நாம் சொல்லவும் வேண்டுமா?

கோவலன் கதை தமிழருக்கு மறக்கக்கூடியதன்று. சிலம்பு அவன் வசம் இருந்தது வாஸ்தவமே. அதை உடைத்து உள்ளே இருப்பது முத்தா, மாணிக்கமா என்று பரிசோதித்தது எப்போது? தண்டனை நிறைவேறிய பின்னர்!

நம் காலத்திலும் இது நடவாமலில்லை. தமிழ்நாட்டு அரசை எதிர்த்துச் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போன தூஃபான் சிங் வழக்கை எடுத்துக்கொள்வோம். போதைப்பொருள் இலாகா அதிகாரியிடம் கொடுத்த வாக்குமூலத்தைக் கொண்டே ஒருவனைத் தண்டிக்கலாமா என்பது கேள்வி. கூடாதென்று மூவரில் இரு நீதிபதிகள் 2020 அக்டோபரில் தீர்ப்பளித்தனர். அக்கேள்வி பெரிய பெஞ்சுக்கு அனுப்பப்பட்ட 2013லேயே, அப்பீல்தாரர் பத்தாண்டுத் தண்டனையில் ஒன்பது ஆண்டுகளுக்கு மேல் அனுபவித்துவிட்டார்!

மற்றொரு சென்னை வழக்கு: 2000ஆம் ஆண்டில் ஒரு லாரியிலிருந்து 20 கிலோ ஹெராயின் பிடிபட்டது. கீழ்க்கோர்ட்டும் ஹைகோர்ட்டும் தண்டனையை உறுதி செய்தன. 2023இல் சுப்ரீம் கோர்ட் விடுதலை செய்தது. காரணம் யாது? 52ஏ பிரிவு சொல்லுகிறபடி மாஜிஸ்திரேட்டின் முன்னிலையில் சாம்பிள் எடுக்கப்படவில்லை. அந்த எதிரி உண்மையில் நிரபராதியானால் அவனுக்கு இழைத்த அநீதி பெரிது. குற்றவாளியேயானால் ஜனங்களுக்கு இழைத்த அநீதி அதனினும் பெரிது. எப்படிப் பார்த்தாலும் பழி மகஜர் எழுதியவர்களையே சாரும். 2025 ஜனவரியில் அதே கோர்ட், 52ஏ பிரிவின் ஒவ்வொரு பிழையும் வழக்கையே கவிழ்த்துவிடாது, சாட்சியம் முழுவதையும் சேர்த்துப் பார்க்கவேண்டும் என்று விளக்கியிருக்கிறது. அது நியாயமே. ஆனால் இதைப் பிடித்துக்கொண்டு அதிகாரிகள் அசட்டையாயிருக்க முற்பட்டால், இன்னும் இருபது ஆண்டுகள் கழித்து இதே கதையை வேறொருவர் எழுதவேண்டி வரும்.

எடை விஷயம் இதைவிட விபரீதமானது. கஞ்சா ஒரு கிலோவுக்குக் குறைவானால் உச்ச தண்டனை ஓராண்டு. 20 கிலோவைத் தாண்டினால் குறைந்தது பத்தாண்டு, உச்சம் இருபதாண்டு. அபராதம் லட்ச ரூபாய்க்குக் குறையாது. பூவோ காயோ உள்ள நுனிகளே சட்டப்படி கஞ்சா. நுனியோடு சேராத இலையும் விதையும் கஞ்சா அல்ல. மூட்டையை அப்படியே தராசில் ஏற்றினால் தண்டும் இலையும் ஈரமும் சேர்ந்தல்லவா எடை காட்டும்? நமது நெல் கொள்முதல் நிலையங்களில் ஈரப்பதம் 17 சதவிகிதத்தை மீறினால் நெல்லைத் திருப்பி அனுப்புகிறார்கள். நெல்லுக்குக் காட்டும் அந்தக் கவனம், ஒரு மனிதனின் பத்தாண்டுகளை நிறுக்கும்போது மட்டும் வேண்டாமா?

தண்டனையைப் பற்றியும் ஒரு வார்த்தை. பத்தாண்டுக்குக் கீழே இறங்க எந்த நீதிபதிக்கும் அதிகாரமில்லை. மேலே ஏற்றுவதற்குத்தான் காரணம் காட்டவேண்டும். 2012இல் குஜராத் வழக்கொன்றில் சுப்ரீம் கோர்ட் பதினைந்தாண்டைப் பத்தாக்கி, அபராதம் கட்டத் தவறினால் அநுபவிக்கவேண்டிய மூன்றாண்டை ஆறு மாதமாகக் குறைத்தது. அபராதம் கட்ட வகையற்ற ஏழைக்கு அது வறுமைக்கான தண்டனையாகவே முடிகிறது. அப்பீல் நிலுவையிலிருக்கும்போது தண்டனையை நிறுத்திவைக்கும் அதிகாரம் கோர்ட்டுகளுக்கு உண்டென்று 2000இல் நிலைநாட்டப்பட்டபோதிலும், 37ஆம் பிரிவின் கடும் நிபந்தனைகளால் அந்த வாசல் ஏழைக்குப் பெரும்பாலும் திறப்பதில்லை.

ஆகவே மதுரை ஹைகோர்ட் பெஞ்சில், தஞ்சை ஜில்லாவிலிருந்து சென்ற போதைப்பொருள் அப்பீல்களில் அப்பீல்தாரர் சிறையிலிருக்கும் வழக்குகளைத் தனிப் பட்டியலிட்டு முதலில் விசாரிக்கவேண்டும். பொருள் பிடிபட்டதும் தாமதியாமல் மாஜிஸ்திரேட்டிடம் மனுச் செய்யவேண்டுமென்று 2016இல் சுப்ரீம் கோர்ட் இட்ட உத்தரவை நமது ஜில்லாப் போலீஸார் எத்தனை வழக்குகளில் நிறைவேற்றியிருக்கிறார்கள் என்ற கணக்கைச் சர்க்கார் வெளியிடவேண்டும். பிடிபட்ட மூட்டைகளுக்குக் கணக்குக் கொடுப்பவர்களுக்கு இந்தக் கணக்கும் கிடைக்காமற் போகாது.