தவணையும் உரிமையே

வங்கிக் கடன் நிலுவையில் சிக்கிய சிறு விவசாயியும் சிறு வணிகரும் நீதிமன்றத்திடம் பெரும்பாலும் கேட்பது ஒன்றே: கடனைப் பகுதி பகுதியாகக் கட்டுவதற்கான அவகாசம். அதைப் பெறும் வழிகளோ நாளுக்கு நாள் குறுகி வருகின்றன.

சித்தூர் மாவட்டத்துக் கங்காதர நெல்லூர் வட்டாரத்தை எடுத்துக்கொள்வோம். மாவை நம்பி வாழும் பகுதி அது. 2025ஆம் ஆண்டுப் பருவத்தில் தோத்தாபுரி மாங்காயின் விலை சரிந்தபோது, கிலோவுக்குக் கூழ் ஆலைகள் 8 ரூபாயும் அரசு 4 ரூபாயும் வழங்கும் என்று ஆந்திர அரசு அறிவித்தது. ஆலைகள் அந்த விலையைத் தரவில்லை என்று விவசாயிகள் போராட நேர்ந்தது. ஆண்டுக்கு ஒருமுறை காசு காணும் குடும்பம், அந்த ஒரு பருவமும் பொய்த்தால் கடனை எதைக்கொண்டு அடைக்கும்?

சிவில் நடைமுறைச் சட்டத்தின் 20ஆம் ஆணை, 11ஆம் விதி இதற்கு ஓரளவு இடமளிக்கிறது. பணத்துக்கான வழக்கில் தீர்ப்பாணை வழங்கும்போதே, கடன் ஒப்பந்தம் எவ்வாறிருப்பினும், போதிய காரணம் இருந்தால் தவணைகளில் செலுத்துமாறு நீதிமன்றம் உத்தரவிடலாம். தீர்ப்பாணைக்குப் பின்னர் கோருவதாயின் 30 நாள்களுக்குள் விண்ணப்பிக்க வேண்டும். கடன் கொடுத்தவரின் சம்மதமும் வேண்டும். அழைப்பாணைக்கு அஞ்சி ஒதுங்கிவிடும் எளியவர், வங்கியின் தயவுக்கு ஆளாவது இவ்வாறுதான்.

2002ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டம் இன்னும் கொடியது. 60 நாள் அறிவிப்புக்குப் பின், வழக்கே தொடராமல் அடமானச் சொத்தைக் கைப்பற்ற அது வங்கிக்கு அதிகாரம் அளிக்கிறது. விவசாய நிலத்துக்கு விலக்கு உண்டு; குடியிருக்கும் வீட்டுக்கு இல்லை. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு வழியே தவணை பெறும் நடைமுறை கேரளத்தில் பரவலாக இருந்தது. 2023 ஏப்ரலில், சவுத் இந்தியன் வங்கி வழக்கில், உச்ச நீதிமன்றம் இத்தகைய தலையீட்டைக் கண்டித்தது.

இந்தக் கண்டிப்பு பெருமுதலாளிகளிடம் காட்டப்பட்டதா? 2014-15 முதல் 9 நிதியாண்டுகளில் வங்கிகள் கணக்கிலிருந்து நீக்கிய கடன் 14.56 லட்சம் கோடி ரூபாய், அதில் 7.40 லட்சம் கோடி பெருந்தொழில், சேவை நிறுவனங்களுடையது. இது 2023 ஆகஸ்டில் ஒன்றிய அரசே மக்களவையில் தந்த கணக்கு. நீக்கம் என்பது தள்ளுபடி ஆகாது, வசூல் தொடரும் என்கிறார்கள். நீக்கிய கடனில் அக்காலத்தில் வசூலானது 2.04 லட்சம் கோடி மட்டுமே. ஏழில் ஒரு பங்கு.

கொச்சி வங்கி தொடர்பான வழக்கில் 1980இல் நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர் ஒரு நெறியை வகுத்தார். தீய நோக்கமின்றி, வறுமையால் கடனைக் கட்ட இயலாதவரைச் சிறையிலடைப்பது அரசமைப்பின் 21ஆம் உறுப்புக்கு முரணானது என்றார். இயலாமை வேறு, ஏமாற்று வேறு என்னும் அந்நெறி சிறைக்கு மட்டுமன்றி ஜப்திக்கும் ஏலத்துக்கும் பொருந்த வேண்டும்.

சிறு கடனாளிக்குத் தவணை வழங்க வங்கியின் சம்மதம் தேவை என்னும் நிபந்தனை நீக்கப்பட வேண்டும். கடன் மீட்புத் தீர்ப்பாயங்களும் தவணை நிர்ணயிக்கச் சட்டத்தில் தெளிவாக இடமளிக்க வேண்டும். அத்தவணை மாதக் கணக்கில் அமையாமல், அறுவடையைப் பின்பற்றி அமைய வேண்டும். கேரளத்தில் இடது ஜனநாயக முன்னணி அரசு உருவாக்கிய விவசாயிகள் கடன் நிவாரண ஆணையத்தைப் போன்ற அமைப்பு ஆந்திரத்துக்கும் தமிழகத்துக்கும் தேவை. வங்கி அறிவிப்பு வந்த வீட்டாரைத் தனியே விடாது, அவர்களோடு நீதிமன்றம் வரை செல்வது விவசாய இயக்கத்தின் உடனடிக் கடமையாகும்.