முன்ஷி என்பது எக்குலம்?

அண்மையில் பிரிக்பீல்ட்ஸ் துன் சம்பந்தன் சாலையில், ஓர் உணவுக்கடையில் நம் அன்பர் இருவர் வாதிடக் கேட்டோம். முன்ஷி அப்துல்லாவைப் பற்றிய பேச்சு அது. "முன்ஷி என்பது அரபு நாட்டு உயர்குடிப் பெயர், அக்குடியிற் பிறந்ததே அவர் பெருமை" என்றார் ஒருவர். "பெயரே அந்நியமாயிருக்க, அவருக்கும் தமிழருக்கும் என்ன தொடர்பு?" என்றார் மற்றவர். இருவரும் செய்த பிழை ஒன்றே. பெயரைக் கேட்டதும் பிறப்பைத் தேடினர்.

உண்மை யாது? முன்ஷி என்பது குலப்பெயரன்று. இயற்றுவோன், எழுதுவோன் என்பதே அந்த அரபுச் சொல்லின் பொருள். பாரசீகம் வழங்கிய அரசவைகளில் அது திருமுகம் எழுதும் செயலாளரைக் குறித்தது. கிழக்கிந்தியக் கம்பெனியார் காலத்து இந்தியாவில், வெள்ளை அதிகாரிகளுக்கு மொழி கற்பித்த ஆசிரியரும் முன்ஷி எனப்பட்டார். மலாய் மொழியில் இன்றும் மொழியாசிரியர், மொழிவல்லார் என்பதே அதன் பொருள். தோட்டத்தில் ஒருவரைக் கிராணியார் என்றும், மற்றொருவரைக் கங்காணியார் என்றும் அழைத்தோமே, அவை குலப்பெயர்களா? முன்ஷியும் அவைபோல் தொழிற்பெயரே.

அப்துல்லா 1796-ஆம் ஆண்டு மலாக்காவிற் பிறந்தவர். 1849-இல் அச்சேறிய 'இக்காயத் அப்துல்லா' என்னும் தன்வரலாற்றில், தம் பாட்டனாரின் தந்தை ஏமன் நாட்டினின்று நாகூர் வந்து, அங்கே மணம் புரிந்து வாழ்ந்த ஆசிரியர் என்கிறார். ஆயினும் முன்ஷிப் பட்டம் அந்த முன்னோர் விட்டுச் சென்ற சொத்தன்று. மலாக்காக் கோட்டையிலிருந்த இந்தியச் சிப்பாய்களுக்கு அவர் இளவயதிற் பாடஞ் சொன்னபோது, அச்சிப்பாய்களே இட்டழைத்த பெயர் அது. தமிழோடு அவருக்குத் தொடர்பில்லை என்பாரும் அந்நூலைப் படிக்கட்டும். மலாக்காவில் வசதியுள்ள குடும்பத்துப் பிள்ளைகள் தமிழ் கற்பது அந்நாளைய வழக்கமென்றும், தம் தந்தையார் தம்மையும் அவ்வாறு கற்க அனுப்பினாரென்றும் அவரே எழுதியுள்ளார்.

நிற்க. தமிழ் முஸ்லிம் அன்பர்களின் பெயர்களையும் நோக்குவோம். இராவுத்தர் என்றால் குதிரை வீரர். அச்சொல்லாலேயே அருணகிரிநாதர் முருகனைப் பாடினார்! மரைக்காயர் என்பதை மரக்கலத்தோடு இணைப்பாரும் உளர். கப்பலைக் குறிக்கும் அரபுச் சொல்லோடு இணைப்பாரும் உளர். எவ்வாறு கொள்ளினும் அது கடலோடிய தொழிலைக் காட்டும் பெயரே. இவற்றை வைத்துக்கொண்டு ஒருவரைத் தமிழரல்லர் என ஒதுக்குவது எந்த நியாயம்?

"அப்துல்லாவின் மகனாரும் முன்ஷி எனப்பட்டாரே, அது குலப்பெயராகாதோ?" எனக் கேட்கலாம். அம்மகனார் இப்ராகிம் முன்ஷி ஜொகூர் அரசில் பணியாற்றியவர். தம் பயணங்களை நூலாக எழுதியவர். அப்பெயருக்குரிய வேலையைச் செய்தே அதனைத் தாங்கினார்.

நம்மவர் நிலை என்ன? கலியாணப் பத்திரிகையில் பெயருக்குப் பின்னே ஜாதிவால் ஒட்டுகிறோம். அவ்வாலைச் சம்பாதிக்க நாம் செய்த வேலை யாது? எழுதிய நூல் எத்தனை? கற்பித்த மாணாக்கர் எத்தனை பேர்? ஒன்றுமில்லை, பிறந்தோம், அவ்வளவே! ஒரே லயத்திற் குடியிருந்து, ஒரே மரவரிசையிற் பால் வெட்டியவரின் பேரர்கள், நகரத்துக்கு வந்து பட்டமும் பெற்றபின், அழைப்பிதழில் மட்டும் உயர்வு தாழ்வு அச்சிடுவது வெட்கக்கேடன்றோ?

கோலாலம்பூரில் முன்ஷி அப்துல்லாவின் பெயரால் ஒரு சாலை உண்டு. அவ்வழியே போகும் அன்பர்கள் ஒரு கணம் எண்ணுக. பாடம் பெற்ற சிப்பாய்கள் நன்றியோடு அளித்த பெயர் இன்றும் நிற்கின்றது. நம் வேலையைக் கண்டு பிறர் நமக்கு இடும் பெயர் யாது? அதனைத் தேடிக்கொள்வோம். ஜாதிவாலை இன்றே அறுத்தெறிவோம்.